பார்வையாளர் மாடம்

வடமதுரை திண்டுக்கல் மாவட்டத்துப் பேரூராட்சி. பட்டா மாறுதலுக்கும் மாவட்ட ஆட்சியரிடம் மனு கொடுக்கவும் அதன் மக்கள் திண்டுக்கல்லை நோக்கித்தான் போகிறார்கள். மக்களவைத் தேர்தல் வந்தால் மட்டும் ஊர் கரூரோடு சேர்ந்துவிடுகிறது. 2008 தொகுதி மறுவரையறையின்படி வேடசந்தூர் சட்டமன்றத் தொகுதி, அரவக்குறிச்சி, கரூர், கிருஷ்ணராயபுரம், மணப்பாறை, விராலிமலை ஆகியவற்றோடு சேர்ந்து கரூர் மக்களவைத் தொகுதிக்குள் வருகிறது. நான்கு மாவட்டங்களில் கால்பதித்த தொகுதி அது. வரைபடத்தில் விசித்திரமாகத் தெரியும் இந்த ஏற்பாட்டால் வடமதுரை வாக்காளருக்கு டெல்லி அவையோடு ஒரு தனித் தொடர்பு ஏற்பட்டது. 2014-லிருந்து 2019 வரை அவர்களுடைய உறுப்பினரான மு. தம்பிதுரை மக்களவையின் துணை சபாநாயகராக இருந்தார். அவருக்குப் பிறகு 17-வது மக்களவையின் முழு ஐந்தாண்டுக் காலமும் அந்தப் பதவி நிரப்பப்படவே இல்லை. அவரை அடுத்து இதே தொகுதியிலிருந்து சென்ற செ. ஜோதிமணி, 2023 டிசம்பர் 14 அன்று கூட்டத்தொடர் முடியும்வரை இடைநீக்கம் செய்யப்பட்டார். பத்தாண்டுக்குள் ஒரே தொகுதியின் பிரதிநிதி ஒருவர் அவையை நடத்தும் நாற்காலியில் அமர்ந்தார், அடுத்தவர் அவைக்கு வெளியே நிறுத்தப்பட்டார். இந்த இரண்டாவது நிகழ்ச்சியிலிருந்து தொடங்கினால், நாடாளுமன்றம் எதற்காக இருக்கிறது, அதைப் போய்ப் பார்ப்பதில் என்ன இருக்கிறது என்ற கேள்விக்கு ஓரளவு தெளிவான விடை கிடைக்கும் என்று நினைக்கிறேன்.

அந்த இடைநீக்கத்துக்கு முதல் நாள், டிசம்பர் 13 அன்று, மக்களவையின் பார்வையாளர் மாடத்திலிருந்து இரண்டு இளைஞர்கள் உறுப்பினர்களின் இருக்கைகளுக்கு நடுவே குதித்து மஞ்சள் புகைக் குப்பிகளைத் திறந்தார்கள். 2001-ல் நாடாளுமன்ற வளாகம் தாக்கப்பட்ட அதே தேதி. யாருக்கும் உயிர்ச்சேதம் இல்லை. ஆனால் முறையான அனுமதிச் சீட்டோடு உள்ளே வந்தவர்கள் செய்த காரியம் என்பதால் அதிர்ச்சி பெரிதாக இருந்தது. மறுநாள் எதிர்க்கட்சிகள் உள்துறை அமைச்சர் அவையில் விளக்கம் தர வேண்டும் என்று கேட்டன. வளாகப் பாதுகாப்பு சபாநாயகரின் பொறுப்பில் வருவது, அரசு அதற்குப் பதில் சொல்ல வேண்டியதில்லை என்பது அரசுத் தரப்பின் வாதம். பதாகைகளும் கூச்சலுமாக அவை முடங்கியது. அன்று தொடங்கிய இடைநீக்கம், கூட்டத்தொடர் முடிவதற்குள் இரு அவைகளிலும் சேர்த்து 146 உறுப்பினர்களைத் தொட்டது. அவர்களில் நூறு பேர் மக்களவையைச் சேர்ந்தவர்கள். நாட்டின் குற்றவியல் சட்டங்கள் மூன்றையும் முழுதாக மாற்றும் மசோதாக்கள் டிசம்பர் 20 அன்று, அந்த நூறு பேரில் பெரும்பாலோர் இல்லாத அவையில் நிறைவேறின. இவையெல்லாம் செய்திகளில் பெரிதாக வந்தன. பெரிதாகப் பேசப்படாத இரண்டு விஷயங்கள்தான் எனக்கு முக்கியமாகப் படுகின்றன. புகைச் சம்பவத்தை ஒட்டிப் பார்வையாளர் அனுமதிச் சீட்டுகள் நிறுத்தப்பட்டன. இடைநீக்கம் செய்யப்பட்டவர்களின் பெயரில் இருந்த கேள்விகள் அச்சிட்ட பட்டியலிலிருந்து எடுக்கப்பட்டன. கேட்கும் வாயும் கவனிக்கும் கண்ணும் ஒரே வாரத்தில் அப்புறப்படுத்தப்பட்டன. இவை இரண்டும் வெவ்வேறு இழப்புகள் அல்ல என்பதுதான் இந்தக் கட்டுரையின் வாதம்.

நாடாளுமன்றத்தின் வேலை சட்டம் இயற்றுவது என்று பள்ளிப் பாடம் சொல்கிறது. அரசமைப்பும் அப்படித்தான் சொல்கிறது. ஆனால் 1985-ல் 52-வது திருத்தம் கட்சித்தாவல் தடையைப் பத்தாவது அட்டவணையாகச் சேர்த்த பிறகு, அவையில் விழும் வாக்கின் தன்மை மாறிவிட்டது. கட்சிக் கொறடாவின் உத்தரவை மீறி வாக்களித்தாலோ, வாக்களிக்காமல் விலகி நின்றாலோ உறுப்பினர் பதவியையே இழக்க நேரிடும். காசுக்கும் பதவிக்கும் கட்சி மாறும் அவலத்தைத் தடுக்க வந்த சட்டம் அது. அன்றைய நிலையில் அதற்கு நியாயமும் இருந்தது. ஆனாலும் அதன் விளைவு என்ன? பெரும்பான்மை இருக்கும் ஒரு அரசின் மசோதா மீது விவாதம் தொடங்கும் முன்பே அதன் முடிவு தெரிந்துவிடுகிறது. எவ்வளவு நல்ல பேச்சும் எதிர்வரிசையிலிருந்து ஒரு வாக்கைக்கூட இழுத்துவர முடியாது. நுணுக்கமாகப் பரிசீலிக்கும் வேலை நிலைக்குழுக்களில் நடக்கிறது என்பார்கள். அந்த வழியும் குறுகி வந்திருக்கிறது. 15-வது மக்களவையில் அறிமுகமான மசோதாக்களில் ஏறத்தாழ 71 சதவீதம் குழுக்களுக்குச் சென்றன. 17-வதில் அது சுமார் 16 சதவீதம். பணம் பற்றிய முடிவுகளிலும் இதே கதைதான். 2023 மார்ச் 23 அன்று சுமார் 45 லட்சம் கோடி ரூபாய்க்கான செலவுத் திட்டம் அமளிக்கு நடுவே, விவாதம் ஏதுமின்றி மொத்தமாக நிறைவேறியது. எந்தக் கட்சியின் அரசு என்பதைப் பொறுத்த குறையல்ல இது. 1989 மார்ச்சில், வேறொரு கட்சிக்கு மாபெரும் பெரும்பான்மை இருந்தபோது, ஒரே நாளில் 63 மக்களவை உறுப்பினர்கள் இடைநீக்கம் செய்யப்பட்டார்கள். எண்ணிக்கை பலம் எந்தப் பக்கம் அளவுமீறிச் சாய்ந்தாலும் அவை இப்படித்தான் நடந்துகொள்கிறது.

வாக்கு முன்கூட்டியே முடிவாகிவிட்ட அவையில் மிச்சம் இருப்பது என்ன? அரசைப் பொதுவெளியில் பதில் சொல்ல வைப்பது. இதற்கான கருவி கேள்வி. கொறடாவால் வாக்கைக் கட்டிப்போட முடியும், கேள்வியைக் கட்டிப்போட முடியாது. ஆளும் கட்சி உறுப்பினர் தன் கட்சி அமைச்சரிடமே சங்கடமான கேள்வி கேட்டாலும் பத்தாவது அட்டவணை அவரைத் தொடாது. மக்களவை கூடும் நாட்களில் காலை 11 மணிக்குக் கேள்வி நேரம் தொடங்குகிறது. பதினைந்து நாள் முன்னதாக எழுதிக் கொடுத்த கேள்விகளிலிருந்து குலுக்கல் முறையில் ஒரு நாளைக்கு 20 நட்சத்திரக் குறியிட்ட கேள்விகள் தேர்ந்தெடுக்கப்படுகின்றன. அவற்றுக்கு அமைச்சர் எழுந்து நின்று பதில் சொல்ல வேண்டும், அதன்மேல் துணைக்கேள்விகள் வரும். நட்சத்திரக் குறியில்லாத இன்னொரு 230 கேள்விகளுக்கு எழுத்து மூலமான பதில் அவையில் வைக்கப்படும். எழுதிக்கொண்டு வந்த பதிலை அதிகாரிகள் தயாரித்துக் கொடுத்துவிடலாம். துணைக்கேள்விக்கு அப்படி முடியாது. துறையை அறிந்த அமைச்சர் யார், கோப்பைப் புரட்டிப் பார்க்காதவர் யார் என்பது அந்த இரண்டு நிமிடங்களில் எல்லோருக்கும் தெரிந்துவிடும்.

இதன் வலிமைக்குத் தமிழர்கள் நினைவில் வைத்திருக்க வேண்டிய சான்று ஒன்று உண்டு. 1957-ல் ஆயுள் காப்பீட்டுக் கழகம், ஹரிதாஸ் முந்த்ரா என்ற தொழிலதிபரின் ஆறு நிறுவனங்களில் சுமார் 1.24 கோடி ரூபாய்க்குப் பங்குகளை வாங்கியது. ஆளும் காங்கிரஸைச் சேர்ந்த ராம் சுபக் சிங் இதைப் பற்றி அவையில் கேள்வி எழுப்பினார். டிசம்பரில் பிரதமரின் மருமகனான பெரோஸ் காந்தி, அவரும் ஆளும் கட்சிக்காரர்தான், விவரங்களை ஒவ்வொன்றாக எடுத்துவைத்து அதைப் பெரும் பிரச்சினையாக்கினார். நிதியமைச்சர் அன்று தென் சென்னையின் உறுப்பினரான டி.டி. கிருஷ்ணமாச்சாரி. பம்பாய் உயர்நீதிமன்றத் தலைமை நீதிபதி எம்.சி. சாக்ளா தலைமையில் ஒருநபர் ஆணையம் அமைந்தது. அது பொதுமக்கள் முன்னிலையிலேயே விசாரணையை நடத்தியது. 1958 பிப்ரவரியில் கிருஷ்ணமாச்சாரி பதவி விலகினார். நேருவின் அமைச்சரவையில் மிகத் திறமையானவர்களில் ஒருவர் அவர். அவர் தனிப்பட்ட முறையில் பணம் சம்பாதித்தார் என்று எவரும் சொல்லவில்லை. இருந்தும் தன் துறையில் நடந்ததற்கு அவர் அரசமைப்பு முறைப்படி பொறுப்பேற்க வேண்டியிருந்தது. அன்று அவையில் காங்கிரஸுக்கு இருந்த பெரும்பான்மையைக் கொண்டு எந்த வாக்கெடுப்பிலும் அவரைக் காப்பாற்றியிருக்கலாம். வாக்கெடுப்பு தேவைப்படவே இல்லை. கேள்வியும் அதற்குச் சொன்ன பதிலும் பகிரங்கமாக இருந்ததே போதுமானதாக இருந்தது.

இது பெரிய ஊழல்களுக்கு மட்டும் உதவும் கருவி என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். வடமதுரை, வேடசந்தூர் பக்கத்து நூற்பாலைகளை நம்பிப் பல ஆயிரம் குடும்பங்கள் வாழ்கின்றன. 2021 நிதிநிலை அறிக்கை இறக்குமதிப் பருத்திக்கு ஏறத்தாழ 11 சதவீத வரி விதித்தது. பருத்தி விலை ஏறினால் ஆலையில் எத்தனை ஷிப்ட் ஓடும் என்பது மாறும். அந்த வரி 2022-ல் சில மாதங்களுக்கும் பிறகு 2025-லும் தற்காலிகமாக விலக்கப்பட்டது. ஏன் விதித்தார்கள், ஏன் விலக்கினார்கள், பருத்தி விளைவிப்பவர்களுக்கும் நூல் நூற்பவர்களுக்கும் இடையே எந்தக் கணக்கில் முடிவு எடுத்தார்கள் என்று மாவட்ட ஆட்சியரிடம் கேட்க முடியாது. மாநில அமைச்சரிடமும் கேட்க முடியாது. நூறு நாள் வேலைக்கான கூலி ஏன் மாதக்கணக்கில் நிலுவையில் நின்றது, திருச்சி – திண்டுக்கல் பாதையில் எந்த ரயில் எந்த நிலையத்தில் நிற்க வேண்டும் என்பவையும் அப்படித்தான். இந்தக் கேள்விகளுக்கு அமைச்சர்கள் பகிரங்கமாகப் பதில் சொல்லியாக வேண்டிய இடம் டெல்லியில் நாடாளுமன்றம்தான். அங்கே இவற்றை வடமதுரைக்காகக் கேட்கும் உரிமை உள்ளவர் ஒரே ஒருவர்தான் என்று சட்டம் சொல்லவில்லை, ஆனால் கேட்க வேண்டிய கடமை உள்ளவர் ஒருவர்தான். அவர் பெயரிலிருந்த கேள்வியைப் பட்டியலிலிருந்து எடுக்கும்போது தண்டிக்கப்படுவது உறுப்பினர் அல்ல. ஒழுங்கீனத்துக்கு உறுப்பினரை வெளியே அனுப்பலாம், அந்த அதிகாரம் அவைக்கு இருக்க வேண்டும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஏற்கெனவே ஏற்கப்பட்டு அச்சான கேள்விக்கு எழுத்து மூலமான பதிலையாவது வைப்பதில் அவை ஒழுங்குக்கு என்ன குறை வந்துவிடும்?

கேள்வி பகிரங்கமாக இருக்க வேண்டும் என்றால் அதைக் கேட்க ஆள் இருக்க வேண்டும். ஊர்த் திருவிழா முடிந்ததும் வரவுசெலவுக் கணக்கைக் கூட்டத்தில் வாசிப்பார்கள். பெரும்பாலான ஆண்டுகளில் யாரும் மறுத்துப் பேசுவதில்லை, ஆனால் யாராவது எழுந்து கேட்கலாம் என்ற நிலையில் வாசிப்பதால்தான் கணக்கு ஒழுங்காக எழுதப்படுகிறது. வடமதுரை ஒன்றியத்து ஊராட்சிகளில் நடக்கும் கிராம சபைக்கும் இதுதான் அடிப்படை. வாக்காளர் பட்டியலில் பெயர் இருந்தால் போய் உட்காரலாம், எவருடைய சிபாரிசும் தேவையில்லை. நாட்டின் தலைமையான சபைக்கோ வேறு விதி. மக்களவை மாடத்தில் அமர ஓர் உறுப்பினர் கையெழுத்திட வேண்டும். அதுவும் விண்ணப்பிப்பவர் தமக்கு உறவினர், நண்பர், அல்லது நேரில் அறிந்தவர் என்று சான்றளித்து, அவருக்கு முழுப் பொறுப்பையும் ஏற்க வேண்டும். 2024 தேர்தலில் கரூர் தொகுதியில் சுமார் 14 லட்சம் வாக்காளர்கள் இருந்தார்கள். அவர்களில் எத்தனை பேரை ஓர் உறுப்பினர் நேரில் அறிந்திருக்க முடியும்? கட்சிக்காரர்கள், ஊர்ப் பெரியவர்கள், செல்வாக்குள்ளவர்களின் பிள்ளைகள் அறிந்தவர்களாவார்கள். ஆலைத் தொழிலாளிக்கும் அய்யலூர்ச் சந்தைக்குத் தக்காளி கொண்டுவரும் விவசாயிக்கும் அந்தச் சான்று பொய்யாக எழுதப்பட்டால்தான் கிடைக்கும். புகைக் குப்பியோடு வந்தவர்களும் இப்படி ஓர் உறுப்பினரின் சிபாரிசில் வந்தவர்களே. தெரிந்தவர் என்ற சான்று பாதுகாப்பைத் தரவில்லை. அது பாமர வாக்காளரை மட்டும் தள்ளி வைத்தது.

பாதுகாப்பு என்ற மறுப்பை எளிதாகத் தள்ளிவிட முடியாது. 2001 டிசம்பர் 13 அன்று உயிரைக் கொடுத்து வளாகத்தைக் காத்தவர்களின் நினைவுக்கு அது அவமரியாதை. 1929 ஏப்ரல் 8 அன்று பகத்சிங்கும் படுகேஷ்வர் தத்தும் குண்டு வீசியதும் பார்வையாளர் மாடத்திலிருந்துதான். ஆனால் ஆபத்து உண்டு என்பதால் மாடத்தை மூடலாம் என்று ஆகிவிடாது. 2004 மே மாதத்தில் லண்டனில் மக்களவை மாடத்திலிருந்து பிரதமர் டோனி பிளேர் மீது ஊதா நிறப் பொடி வீசப்பட்டது. பொது மாடத்துக்கு முன்னால் அதற்கு முன்பே கண்ணாடித் தடுப்பு வைத்திருந்தார்கள். பொடி வீசியவர்கள் அமர்ந்திருந்தது அந்தத் தடுப்புக்கு முன்னால், சிறப்பு விருந்தினர்களுக்கான வரிசையில். அந்தக் கட்டடத்தில் இன்றும் எவரும், வெளிநாட்டவர் உட்பட, சோதனையைக் கடந்து வரிசையில் நின்று விவாதத்தைப் பார்க்கலாம். ஜெர்மனி இன்னும் ஒரு படி மேலே போயிற்று. 1999-ல் புதுப்பித்த ரைக்ஸ்டாக் கட்டடத்தின் கண்ணாடிக் கும்மட்டத்தில், பெயர் பதிவு செய்த மக்கள் அவை மண்டபத்துக்கு நேர் மேலே நடந்து போகிறார்கள். நம் நாட்டிலும் 2024 மே மாதம் மத்தியத் தொழிற்பாதுகாப்புப் படை பொறுப்பேற்ற பிறகு சோதனை கடுமையாகியிருக்கிறது. நல்லதே. ஆளைச் சோதிக்கட்டும், பையைச் சோதிக்கட்டும், அடையாள அட்டையைச் சரிபார்க்கட்டும். இவை எல்லாம் காவலர் செய்யும் வேலை. அறிமுகம் என்ற வடிகட்டி அதில் எதையும் செய்யவில்லை.

இரண்டாவது மறுப்பு தொலைக்காட்சி. 1994 முதல் கேள்வி நேரம் நேரலையாக வருகிறது. 2021-லிருந்து சன்சத் டிவி இரு அவைகளையும் காட்டுகிறது. தமிழ்நாட்டுச் சட்டப்பேரவை 2022-ல்தான் கேள்வி நேரத்தை நேரலை செய்தது என்பதோடு ஒப்பிட்டால் டெல்லி பரவாயில்லை. வீட்டிலிருந்தே பார்க்க முடிகிறபோது எதற்கு மாடம்? இதற்கான விடை கேமராவின் கட்டுப்பாடு யாரிடம் இருக்கிறது என்பதில் இருக்கிறது. நேரலையில் எந்தக் கணத்தில் யார் முகம் தெரிய வேண்டும் என்பதை அவையின் சொந்த அலுவலகமே முடிவு செய்கிறது. அமளி நடக்கும்போது திரையில் பெரும்பாலும் சபாநாயகரின் முகம்தான் நிற்கும். மாடத்தில் இருப்பவரின் தலையை எவரும் திருப்பிவிட முடியாது. காலியாகக் கிடக்கும் வரிசைகளும், பதில் சொல்லும்போது அமைச்சருக்குப் பின்னாலிருந்து நீட்டப்படும் துண்டுச் சீட்டும், வரி மசோதா வரும்போது அவையில் எத்தனை பேர் மிச்சம் என்பதும் அவருக்குத் தெரியும். திரை தேவைதான், அது கோடிக்கணக்கானவர்களுக்குப் போகிறது. திரையைச் சரிபார்க்கக் கட்சி சாராத சில நூறு கண்கள் நேரில் இருக்க வேண்டும் என்பதுதான் என் வாதம்.

கேள்வி நேரமே வெறும் சடங்காகிவிட்டது, பாதி நாள் அமளியில் போகிறது, 20 கேள்வியில் ஐந்தாறுக்கு மேல் வாய்மொழிப் பதில் வருவதில்லை, உறுப்பினர்கள் கேள்வியை விற்கவும் செய்திருக்கிறார்கள் என்பது கடைசி மறுப்பு, எனக்கு மிகவும் வலிக்கும் மறுப்பும் இதுவே. 2005 டிசம்பரில் கேள்வி கேட்கப் பணம் வாங்கியதாக 11 உறுப்பினர்கள் பதவி நீக்கப்பட்டார்கள். அதை மறைக்க முடியாது. ஆனால் ஒரு கேள்விக்குக் காசு கொடுக்க ஆள் இருந்தது என்றால், பதிலைப் பெற்றுத் தரும் வலு அதற்கு இருக்கிறது என்றுதான் பொருள். அமைச்சர் அவையில் 'பரிசீலிக்கிறோம்', 'விரைவில் செய்வோம்' என்று சொல்லும் ஒவ்வொரு உறுதிமொழியையும் தொடர்ந்து கண்காணிக்க 1953-லிருந்து ஒரு குழு இருக்கிறது என்பது வாக்காளர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? கருவி பழுதடைந்திருந்தால் அதைப் பயன்படுத்துகிறவர்களை மட்டும் வைத்துச் சரிசெய்ய முடியாது. யாருக்காக அது இருக்கிறதோ அவர்கள் முன்னால் இருக்க வேண்டும். 2020 செப்டம்பரில் தொற்றைக் காரணம் காட்டிக் கேள்வி நேரம் முழுதாக விடப்பட்டபோது நாட்டில் பெரிய கொந்தளிப்பு எழவில்லை. பழக்கமில்லாத ஒன்று போனால் யாரும் தேடுவதில்லை.

கட்டடத்தைப் பார்க்க மக்களுக்கு ஆசை நிறையவே இருக்கிறது. 2023 மே 28 அன்று திறந்த புதிய கட்டடத்தில் சபாநாயகர் இருக்கைக்கு அருகே வைத்த செங்கோல், திருவாவடுதுறை ஆதீனத்தின் பெயரோடு சேர்ந்து தமிழ்நாட்டில் பேசுபொருளானது. மயிலைக் கருவாகக் கொண்ட மக்களவை மண்டபத்தில் 888 இருக்கைகள். இன்றைய உறுப்பினர்கள் 543 பேர்தான், மிச்சத்தில் எந்த மாநிலத்தவர் எத்தனை பேர் அமர்வார்கள் என்ற கவலை 1967-ல் 41-லிருந்து 39-ஆகக் குறைந்த தமிழ்நாட்டுக்கு நியாயமாகவே உண்டு. ஆனால் சுற்றிப் பார்க்க வருபவருக்கு வழிகாட்டி காட்டுவது இவற்றைத்தான்: செங்கோல், சுவரோவியங்கள், மேற்கூரையிலிருந்து தொங்கும் ஊசல். அவை கூடாத நாளில் இவற்றைப் பார்த்துவிட்டுத் திரும்புபவர் ஒரு நினைவுச் சின்னத்தைப் பார்த்திருக்கிறார். கேள்வி நேரத்தில் முக்கால் மணி நேரம் அமர்ந்தவர்தான் நாடாளுமன்றத்தைப் பார்த்தவர்.

வடமதுரையிலிருந்து டெல்லி 2,500 கிலோமீட்டருக்கு மேல். கன்னியாகுமரியிலிருந்து நிஜாமுதீன் செல்லும் திருக்குறள் விரைவு ரயில் ஊர் வழியாகத்தான் போகிறது, நிற்பதில்லை. இரண்டு இரவுப் பயணத்துக்கும் கூலியிழப்புக்கும் அஞ்சாமல் எத்தனை பேர் போவார்கள் என்று கேட்கலாம். கொஞ்சம் பேர்தான் போவார்கள், அந்தக் கொஞ்சம் பேர் யார் என்பதில்தான் அக்கறை வேண்டும். ஒவ்வொரு கூட்டத்தொடரிலும் ஒவ்வொரு தொகுதிக்கும் மாடத்தில் சில இடங்களை ஒதுக்கி, வாக்காளர் அட்டை உள்ளவர்களிடம் விண்ணப்பம் பெற்று, குலுக்கலில் பெயரெடுத்து, பயணச் செலவை அவையே ஏற்கலாம். உத்திரமேரூர்க் கல்வெட்டைப் புதிய கட்டடத்தின் அடிக்கல் விழாவில் பெருமையாக நினைவுகூர்ந்தவர்களுக்கு, அது சொல்லும் குடவோலைக் குலுக்கல் அந்நியமான யோசனை அல்ல. அதோடு இன்னொன்றும் செய்ய வேண்டும். எந்தெந்த நாளில் எந்த அமைச்சகம் பதில் சொல்லும் என்ற அட்டவணை முன்பே வந்துவிடுகிறது. கேள்வி கொடுக்கப் பதினைந்து நாள் அவகாசமும் இருக்கிறது. தொகுதி உறுப்பினர் கொடுத்த கேள்விகளும் வந்த பதில்களும் தமிழில் அச்சாகி வடமதுரை, அய்யலூர், வேடசந்தூர் கிளை நூலகங்களின் பலகையில் ஒட்டப்பட்டால், குலுக்கலில் பெயர் வந்தவர் எந்த நாள் அவைக்குப் போவது என்பதை அதைப் பார்த்தே முடிவு செய்துகொள்வார். நிதியமைச்சகத்தின் நாளா, ரயில்வேயின் நாளா, ஜவுளித் துறையின் நாளா என்று.